பத்திரம் போலி என்கிறீர்கள்: எந்தக் கோர்ட்டுக்குப் போவது?

தாம்பரத்திலிருந்து ஒருவர் கேட்டிருக்கிறார். கோவில்பட்டி பக்கம் ஒரு கிராமத்தில் அவருடைய அப்பா 1994-ல் கிரயம் வாங்கிய 2 ஏக்கர் 40 சென்ட் மானாவாரி நிலம் இருக்கிறது. அப்பா 2016-ல் தவறிவிட்டார். போன மாதம் வில்லங்கம் போட்டுப் பார்த்தபோது, 2015-ல் அப்பாவே பெரியப்பா மகனுக்குத் தான செட்டில்மெண்ட் எழுதிக் கொடுத்ததாக ஒரு பத்திரம் வந்திருக்கிறது. அதை வைத்துப் பட்டா மாறி, 2023-ல் நிலம் கோவைக்காரர் ஒருவருக்குக் கிரயமும் ஆகிவிட்டது. அவர் இப்போது பாதி நிலத்துக்குக் கல்லுக்கால் ஊன்றிக் கம்பி வேலி போட்டிருக்கிறார். அப்பா தமிழில் அழகாகக் கையெழுத்துப் போடுவாராம். பத்திரத்தில் இருப்பதோ வெறும் கைநாட்டு. வழக்கைச் சென்னையிலேயே போடலாமா, அல்லது பதிவாளரிடமோ கலெக்டரிடமோ மனுக் கொடுத்தாலே பத்திரம் ரத்தாகிவிடுமா என்பது கேள்வி.

இரண்டுக்குமே என் பதில், ‘முடியாது’ என்பதுதான். ஆனால் ஏன் முடியாது என்று தெரிந்துகொண்டால்தான் அடுத்து எங்கே போவது என்பது பிடிபடும். சிவில் பக்கம் ரொம்ப வருஷமாக இருக்கிறேன். இந்த மாதிரி வழக்குகளில் ஆட்கள் தோற்பது பெரும்பாலும் சாட்சியத்தில் இல்லை. தப்பான இடத்தில், தப்பான பரிகாரத்தை (கோர்ட்டிடம் கேட்கும் நிவாரணத்தை) கேட்டுத்தான் தோற்கிறார்கள்.

முதலில் ஊர். சி.பி.சி. (உரிமையியல் நடைமுறைச் சட்டம்) 16-ஆவது பிரிவு, அசையாச் சொத்தின் உரிமை, அனுபவம் (நிலம் யார் கையில் இருக்கிறது என்பது), பாகம் பற்றிய வழக்கைச் சொத்து எந்த நீதிமன்ற எல்லைக்குள் கிடக்கிறதோ அங்கேதான் போட வேண்டும் என்கிறது. நீங்கள் தாம்பரத்தில் குடியிருப்பதும், வாங்கியவர் கோவையில் இருப்பதும் இதில் கணக்கில் வராது. பிரதிவாதி குடியிருக்கும் ஊரில் வழக்குப் போடலாம் என்று கேள்விப்பட்டிருப்பீர்கள். அது 20-ஆவது பிரிவு. கடன் பாக்கி, ஒப்பந்த நஷ்டம் போன்றவற்றுக்கு உள்ளது. நிலத்துக்கு அது ஒத்துவராது. காரணம் எளிது. நாளைக்கு அட்வகேட் கமிஷனர் சர்வேயரைக் கூட்டிக்கொண்டு போய் அளக்க வேண்டும். தீர்ப்பு வந்தபின் அமீனா போய் நிலத்தை ஒப்படைக்க வேண்டும். எட்டாத தூரத்தில் இருக்கும் கோர்ட் தீர்ப்பு எழுதலாம், கரிசல் காட்டில் கல் நட முடியாது.

‘ஒப்பந்தத்திலேயே சென்னை கோர்ட் என்று எழுதிவிட்டால்?’ என்று கேட்பவர்கள் உண்டு. இதற்கு நல்ல பாடம் டி.எல்.எஃப். நிறுவனத்தின் மேல் போடப்பட்ட ஒரு வழக்கு. மனை இருந்தது குர்கானில். ஒப்பந்தம் டெல்லியில், பணம் கட்டியது டெல்லியில், கம்பெனி ஆபீஸும் டெல்லியில். தகராறு வந்தால் டெல்லி கோர்ட் என்று ஒப்பந்தத்திலேயே ஷரத்து. வாங்கியவர் 1988-ல் டெல்லியில் வழக்குப் போட்டார். கம்பெனியும் ஆரம்பத்தில் டெல்லி கோர்ட்டின் அதிகாரத்தை ஒப்புக்கொண்டுதான் பதில் போட்டது. பல வருஷம் கழித்து, மனை குர்கானில் இருக்கிறது, இந்தக் கோர்ட்டுக்கு அதிகாரம் இல்லை என்று நிலையை மாற்றியது. 2005-ல் உச்ச நீதிமன்றம் கம்பெனி சொன்னதையே ஏற்றுக்கொண்டது. இரண்டு தரப்பும் சம்மதித்தாலும் இல்லாத அதிகாரம் கோர்ட்டுக்கு வந்துவிடாது என்றது. 17 வருஷத்துக்குப் பிறகு பிராதை (வழக்கு மனுவை) கையில் வாங்கிக்கொண்டு குர்கானுக்குப் போக வேண்டிய நிலைமை.

16-ஆவது பிரிவுக்கு ஒரு விதிவிலக்கு இருக்கிறது. பிரதிவாதியின் செயலாலேயே பரிகாரம் முழுசாகக் கிடைத்துவிடும் என்றால் அவர் இருக்கும் ஊரிலும் போடலாம். அனுபவம் கேட்ட மாத்திரத்தில் அந்தக் கதவு அடைபடுகிறது. டி.எல்.எஃப். வழக்கிலும் அதைச் சொல்லித்தான் பார்த்தார்கள், செல்லவில்லை.

இன்னொரு யோசனையையும் யாராவது உங்கள் காதில் போடுவார்கள்: தாம்பரத்தில் அப்பா பெயரில் வீடு இருந்தால் அதையும் தபசிலில் (சொத்து விவரப் பட்டியலில்) சேர்த்து வழக்கை இந்தப் பக்கம் இழுத்துவிடலாம் என்று. 17-ஆவது பிரிவு வேறு வேறு எல்லைகளில் கிடக்கும் சொத்துகளுக்கு ஒரே வழக்கை அனுமதிக்கிறதுதான். ஆனால் எல்லாச் சொத்துக்கும் வழக்கு மூலம் (வழக்குக்குக் காரணமான சம்பவம்) ஒன்றாக இருக்க வேண்டும் என்று 2019-ல் உச்ச நீதிமன்றம் விளக்கிவிட்டது. உங்கள் பெரியப்பா மகன் தாம்பரம் வீட்டைத் தொடவே இல்லை, அதனால் அது ஒட்டாது. இந்த வித்தை புதிதும் இல்லை. 1914-ல் பிரிவி கவுன்சிலுக்கு (அன்றைக்கு லண்டனில் இருந்த கடைசி மேல்முறையீட்டு மன்றம்) ஒரு வங்காள வழக்கு போனது. அடமானப் பத்திரத்தைக் கல்கத்தாவில் பதிய வேண்டும் என்பதற்காக, இல்லவே இல்லாத ஒரு கல்கத்தா சொத்தைப் பத்திரத்தில் நுழைத்திருந்தார்கள். அந்தப் பதிவே செல்லாது என்று தீர்ப்பானது. உங்கள் 2015 பத்திரம் எந்த சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிவானது என்று ஒரு முறை பாருங்கள். உங்கள் ஊரைப் பார்க்கும் அலுவலகம் இல்லாமல் எங்கோ தள்ளிப் பதிவாகியிருந்தால், தபசிலில் சம்பந்தமில்லாத துண்டு நிலம் ஏதாவது ஒட்டிக்கொண்டிருக்கிறதா என்று தேட வேண்டும்.

ஊர் முடிவானபின் எந்தப் படி என்ற கேள்வி. மாவட்ட உரிமையியல் நீதிமன்றம் (இன்னும் எல்லாரும் முன்சீப் கோர்ட் என்றுதான் சொல்கிறோம்), சார்பு நீதிமன்றம், மாவட்ட நீதிமன்றம் என்று மூன்று படி. 15-ஆவது பிரிவின்படி, அதிகாரம் உள்ள கோர்ட்டுகளில் கீழே இருப்பதில்தான் தாக்கல் செய்ய வேண்டும். எந்தப் படி என்பது வழக்கின் மதிப்பைப் பொறுத்தது. இந்த வரம்புத் தொகையை அவ்வப்போது சட்டத் திருத்தம் செய்து உயர்த்துகிறார்கள். பழைய தீர்ப்பில் படித்த தொகையை வைத்துக் கணக்குப் போடாதீர்கள், தாக்கல் பிரிவில் கேட்டால் இன்றைய வரம்பைச் சொல்லிவிடுவார்கள். வருவாய் வட்டம், பதிவு மாவட்டம், கோர்ட் எல்லை மூன்றும் ஒரே கோட்டில் போவதில்லை என்பதும் நினைவில் இருக்கட்டும். தாலுகாவைப் பிரித்த அன்றே கோர்ட் எல்லையும் பிரிந்துவிடாது.

சரி, மதிப்பு எப்படி வருகிறது? இங்கேதான் விஷயமே இருக்கிறது. சந்தை மதிப்பு சென்ட் 10,000 ரூபாய் என்று கணக்குக்காக வையுங்கள். 240 சென்ட், 24 லட்சம். தமிழ்நாடு நீதிமன்றக் கட்டணச் சட்டம் 25-ஆவது பிரிவின்படி, நிலம் உங்கள் அனுபவத்தில் இருக்கிறது, உரிமையை விளம்புகை செய்து (நிலம் என்னுடையது என்று கோர்ட் அறிவித்து) தடையாணை மட்டும் கொடுங்கள் என்று கேட்டால் மதிப்பு அதில் பாதி, அதாவது 12 லட்சம். நிலம் கைவிட்டுப் போய்விட்டது, விளம்புகையோடு அனுபவத்தையும் மீட்டுக் கொடுங்கள் என்று கேட்டால் முழு 24 லட்சம். கட்டணம் 2017 முதல் 3 சதவீதம் (அதற்கு முன் ஏழரை). ஆக முதல் வகைக்கு 36,000 ரூபாய், இரண்டாவதற்கு 72,000. நிலம் அதேதான், பத்திரமும் அதேதான். கேட்கும் பரிகாரம் மாறினால் கட்டணம் மாறுகிறது, சில சமயம் கோர்ட்டே மாறிவிடுகிறது. அதனால்தான் ‘எந்தக் கோர்ட்’ என்று கேட்டு வருபவரிடம் நான் முதலில் ‘நிலத்தில் யார் இருக்கிறார்’ என்று கேட்பேன்.

உங்கள் விஷயத்தில் அந்தப் பாதி வேலிதான் தலைவலி. மீதிப் பாதி வெறுமனே கிடக்கிறதா, யாராவது உளுந்தோ சோளமோ விதைத்திருக்கிறாரா? வெற்று நிலமாக இருந்தால் உரிமை யாருக்கோ அனுபவமும் அவருக்கே என்று கொள்ளலாம். வேலிக்குள் போன பாதிக்கு அப்படிச் சொல்ல முடியாது. அந்த 120 சென்டுக்கு மீட்பும் மற்ற 120 சென்டுக்குத் தடையும் கேட்டால் 12-ம் 6-ம் சேர்ந்து 18 லட்சம் மதிப்பாகும். கட்டணத்தை மிச்சம் பிடிக்க, மொத்த நிலமும் என் அனுபவத்தில்தான் இருக்கிறது என்று எழுதிவிட்டு, பிறகு கமிஷனர் அறிக்கையில் வேலி ஃபோட்டோவோடு வந்து மாட்டிக்கொண்ட வழக்குகளைப் பார்த்திருக்கிறேன்.

அதைவிட மோசம், விளம்புகையே கேட்காமல் வெறும் தடையாணை வழக்குப் போடுவது. மதிப்புக் குறைவு, முன்சீப் கோர்ட்டிலேயே முடிந்துவிடும், சீக்கிரம் இடைக்காலத் தடை வாங்கலாம் என்று ஆசை காட்டுவார்கள். எதிர்த்தரப்பு கையில் பதிவான பத்திரமும் பட்டாவும் இருக்கும்போது உரிமையின் மேல் மேகம் விழுந்துவிட்டது, அப்போது விளம்புகை கேட்டே ஆக வேண்டும் என்று 2008-ல் அனத்துல சுதாகர் வழக்கில் உச்ச நீதிமன்றம் தெளிவாகச் சொல்லியிருக்கிறது. நான் ஜூனியராக இருந்த அலுவலகத்தில் ஒரு பெரியவரின் வழக்கு இப்படித்தான் போனது. கீழ்க்கோர்ட்டில் ஜெயித்தார், மேல்முறையீட்டிலும் ஜெயித்தார். இரண்டாம் மேல்முறையீட்டில், விளம்புகை கேட்காத வழக்கு நிலைக்காது என்று ஒரே பாராவில் போய்விட்டது. தீர்ப்பு நகலை வாங்கிப் பார்த்துவிட்டு, ‘அப்போ நெலம் யாருதுன்னு யாருமே சொல்லலையா?’ என்று கேட்டார். அவர் கேட்டது சரிதான். யாரும் சொல்லவில்லை, ஏனென்றால் நாங்கள் கேட்கவில்லை.

அடுத்தது பத்திரத்தை என்ன செய்வது. ‘ரத்து செய்யுங்கள்’ என்று கேட்பதா, ‘செல்லாது, என்னைக் கட்டுப்படுத்தாது’ என்று விளம்புகை கேட்பதா? 2010-ல் சுஹ்ரித் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் ஒரு கோடு போட்டுக் காட்டியது. எழுதிக் கொடுத்தவரே பத்திரத்தைத் தள்ள வேண்டுமானால் ரத்து கேட்க வேண்டும். எழுதிக் கொடுக்காதவர் விளம்புகை கேட்டால் போதும். உங்கள் அப்பாவை ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்கள் என்பது உங்கள் வாதம் என்றால், நீங்கள் அப்பாவின் இடத்தில் நிற்கிறீர்கள், ரத்து கேட்க வேண்டியிருக்கும். அதற்கு மூன்று வருஷக் கெடு. அப்பா அந்த அலுவலகத்துக்குப் போகவே இல்லை, ஆள்மாறாட்டம் என்பது வாதம் என்றால், அந்தப் பத்திரம் பிறக்கவே இல்லை. அதை ரத்து செய்ய வேண்டிய அவசியமும் இல்லை. அப்போது உரிமையை வைத்து அனுபவம் மீட்கும் வழக்குக்கு 12 வருஷம் என்று வாதாட இடம் இருக்கிறது. விளம்புகைக்கு மட்டும் மூன்றுதான், எதிர்த்தரப்பு அதைப் பிடித்துக்கொள்ளும். அதனால் கெடுவை நீட்டிப் பார்க்காதீர்கள். வில்லங்கம் போட்டு விஷயம் தெரிந்த தேதியைப் பிராதில் குறிப்பிட்டு, அந்தச் சான்றின் நகலையும் சேர்த்து, மூன்று வருஷத்துக்குள் தாக்கல் செய்துவிடுங்கள். ஒரே பிராதில் ‘ஏமாற்றி வாங்கினார்கள்’ என்றும் ‘அவர் கையெழுத்தே இல்லை’ என்றும் இரண்டையும் எழுதும் வக்கீல்கள் இருக்கிறார்கள். குறுக்கு விசாரணையில் அது ரொம்பச் சங்கடம்.

கைநாட்டு விஷயம் உங்களுக்குச் சாதகமாகத் தெரிகிறது. பத்திரத்தில் இருப்பதோடு, பதிவு அலுவலகத்தில் பெருவிரல் ரேகைப் பதிவேடு என்று ஒன்று வைத்திருக்கிறார்கள். அதைக் கோர்ட் மூலம் வரவழைத்து ரேகை நிபுணருக்கு அனுப்பலாம். ஒப்பிட்டுப் பார்க்க அப்பாவின் மறுக்க முடியாத ரேகை ஒன்று வேண்டுமே? 1994 கிரயத்தில் எழுதிக் கொடுத்தவர் விற்றவர், அது உதவாது. அப்பா எப்போதாவது கூட்டுறவு வங்கியில் நிலத்தை அடமானம் வைத்துப் பதிவு செய்தாரா, யாருக்காவது பவர் எழுதிக் கொடுத்தாரா என்று அம்மாவிடம் கேளுங்கள். அப்புறம், தானப் பத்திரத்துக்கு இரண்டு அத்தாட்சி சாட்சிகள் வேண்டும். எழுதிக் கொடுக்கவே இல்லை என்று நீங்கள் குறிப்பாக மறுத்துவிட்டால், அந்த சாட்சிகளில் ஒருவரையாவது பெரியப்பா மகன்தான் கூண்டில் ஏற்ற வேண்டும். அந்தப் பெயர்கள் உங்கள் ஊர்க்காரர்களுடையவைதானா என்று இப்போதே பார்த்துக்கொள்ளுங்கள்.

பதிவாளரிடம் மனுக் கொடுப்பது பற்றி. 2022 ஆகஸ்டில் பதிவுச் சட்டத்தின் 77-ஏ பிரிவு தமிழ்நாட்டில் நடைமுறைக்கு வந்தது. போலிப் பத்திரத்தை மாவட்டப் பதிவாளரே ரத்து செய்யலாம் என்றார்கள். கோர்ட் செலவில்லை, வாய்தா இல்லை என்று ஊரே மனுவோடு நின்றது. 2024-ல் மெட்ராஸ் உயர் நீதிமன்றம் அந்தப் பிரிவை அரசியல் சாசனத்துக்கு முரணானது என்று தள்ளிவிட்டது. ஜனங்களுக்கு ஏமாற்றம்தான், ஆனால் எனக்கு அதில் வருத்தம் இல்லை. கைநாட்டு யாருடையது என்று முடிவு செய்ய சாட்சியைக் கூண்டில் ஏற்றிக் குறுக்கு விசாரணை செய்ய வேண்டும், அதை ஓர் அலுவலக மேஜையில் செய்ய முடியாது. 2025 ஏப்ரலில் 55-ஏ பதிவு விதியை ரத்து செய்தபோது உச்ச நீதிமன்றமும் இதையே வேறு விதமாகச் சொன்னது: எழுதிக் கொடுப்பவருக்கு உரிமை இருக்கிறதா என்று பார்ப்பது பதிவு அதிகாரியின் வேலை இல்லை. பத்திரம் பதிவுக்கு வரும்போது உரிமையைப் பார்க்காதவர், பிறகு உரிமையைத் தீர்த்துவைக்க முடியுமா?

பட்டாவும் அப்படித்தான். தாசில்தார் மாற்றிய பட்டாவை எதிர்த்து ஆர்.டி.ஓ.விடம் (வருவாய்க் கோட்டாட்சியர்) மேல்முறையீடு, அதற்கு மேல் டி.ஆர்.ஓ.விடம் (மாவட்ட வருவாய் அலுவலர்) சீராய்வு இருக்கிறது. போடுங்கள், போட்டு வையுங்கள். ஆனால் 1983-ஆம் வருஷப் பட்டா பாஸ்புக் சட்டமே, உரிமையில் தகராறு என்றால் சிவில் வழக்குப் போடலாம் என்று வழி விட்டிருக்கிறது. உரிமைத் தகராறில் வருவாய் அதிகாரிகள் தீர்ப்புச் சொல்லக் கூடாது, சிவில் கோர்ட்டுக்கு அனுப்ப வேண்டும் என்று 2011-ல் உயர் நீதிமன்றமும் அறிவுறுத்தியிருக்கிறது. கலெக்டரின் குறைதீர்க்கும் நாளில் கொடுக்கும் மனுவும் கடைசியில் அதே தாசில்தார் மேஜைக்குத்தான் வந்து சேரும்.

போலீஸ் புகார் தனி. ஆள்மாறாட்டம் செய்து பதிவு செய்வதற்குப் பதிவுச் சட்டம் 82-ஆவது பிரிவில் ஏழு வருஷம் வரை தண்டனை உண்டு. சம்பவம் 2015 என்பதால் மோசடி, போலி ஆவணப் பிரிவுகள் பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின்படிதான் வரும், புதிய சட்டத்தின்படி இல்லை. புகார் கொடுக்கலாம், சிவில் வழக்கோடு சேர்ந்தே ஓடலாம். பெரியப்பா மகன் சிறைக்கே போனாலும் நிலம் தானாக உங்கள் பெயருக்கு வந்துவிடாது. வேலித் தகராறு கைகலப்பாகும் போலிருந்தால் ஆர்.டி.ஓ. நிர்வாக நடுவராக விசாரிப்பார் (முன்பு 145 நடவடிக்கை என்போம், இப்போது புதிய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 164-ஆவது பிரிவு). அதில் அவர் பார்ப்பது யார் அனுபவத்தில் இருந்தார் என்பதை மட்டும். உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு போடலாமே என்பார்கள். உண்மை எது என்பதிலேயே தகராறு இருக்கும்போது, சிவில் கோர்ட்டுக்குப் போங்கள் என்று அனுப்பிவிடுவது வழக்கம். மதுரைக்குப் போய்வந்த செலவுதான் மிச்சம்.

சிவில் கோர்ட் தொடக் கூடாத சில இடங்களும் உண்டு. வக்ஃபு சொத்தா என்ற கேள்வி வந்தால் தீர்ப்பாயம். வங்கி சர்ஃபாசி சட்டத்தில் (கடன் பாக்கிக்காக) கைவைத்திருந்தால் கடன் மீட்புத் தீர்ப்பாயம். குத்தகை உரிமைப் பதிவென்றால் அதற்கென்று தனி அதிகாரி. கோயில் நிலமென்றால் அறநிலையத் துறைச் சட்டத்தைப் பார்த்துவிட்டுத்தான் காலை வைக்க வேண்டும். உங்களுடையது ரயத்துவாரிப் பட்டா நிலமாக (நேரடியாக அரசுக்குத் தீர்வை கட்டும் நிலமாக), 1994-க்கு முந்தைய தாய்ப் பத்திரம் வரை சுத்தமாக இருந்தால் இவை எதுவும் குறுக்கே வராது. பழைய இனாம் நிலமாக (அந்தக் காலத்தில் மானியமாக விட்ட நிலமாக) இருந்தாலும் பயப்பட வேண்டாம். நிலவரித் திட்டத்துக்கான செட்டில்மெண்ட் அதிகாரி பட்டா கொடுத்துவிட்டதாலேயே உரிமை வழக்குக்கு சிவில் கோர்ட்டின் கதவு அடைபடாது என்று 1985-ல் ராமலிங்க சாமிகள் மடம் வழக்கில் தீர்ந்துபோன விஷயம் அது.

தப்பான கோர்ட்டில் போட்டுவிட்டால் என்ன ஆகும் என்பதையும் சொல்லிவிடுகிறேன். பிராதைத் திருப்பிக் கொடுப்பார்கள், சரியான கோர்ட்டில் மறுபடி தாக்கல் செய்ய வேண்டும். அங்கே வழக்கு முதலிலிருந்துதான் தொடங்கும். நல்லெண்ணத்தோடு, அக்கறையோடு நடத்தியிருந்தால் அங்கே போன காலத்தைக் காலவரம்புச் சட்டம் 14-ஆவது பிரிவில் கழித்துக்கொள்ளலாம். ஆனால் தெரிந்தே தாம்பரத்தில் போட்டுவிட்டு நல்லெண்ணம் என்று சொல்ல முடியாது. மதிப்பீட்டுத் தவறு இவ்வளவு கொடுமையானதில்லை. அதைக் கீழ்க்கோர்ட்டிலேயே எழுப்பாமல் விட்டவர் மேல்முறையீட்டில் அதை மட்டும் வைத்துத் தீர்ப்பைக் கவிழ்க்க முடியாது என்று 1954-லேயே கிரண் சிங் வழக்கில் சொல்லியாயிற்று.

வழக்கில் அம்மா, கூடப் பிறந்தவர்கள் எல்லாரும் தரப்பினராக இருக்க வேண்டும். கோவைக்காரரும் பெரியப்பா மகனும் இருவருமே பிரதிவாதிகள். விசாரணை நடக்கும்போது கோவைக்காரர் வேறு யாருக்காவது விற்றாலும், சொத்து மாற்றுச் சட்டம் 52-ஆவது பிரிவின்படி வாங்குபவர் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டவர்தான்.

வக்கீலைப் பார்க்கும் முன்னால் ஒரு நடை ஊருக்குப் போய்வாருங்கள். வேலி எந்த உட்பிரிவு வரை வந்திருக்கிறது என்று எஃப்.எம்.பி. வரைபடத்தை (நில அளவைப் புலப்படத்தை) கையில் வைத்துக்கொண்டு பாருங்கள். கல்லுக்கால் ஊன்றியது எந்த மாதம் என்று பக்கத்துக் காட்டுக்காரரிடம் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள், தேதி விழுகிற மாதிரி நாலு படமும் எடுத்துக்கொள்ளுங்கள். பிராதில் 120 சென்டா 240 சென்டா என்பது அதை வைத்துத்தான் எழுதப்படும்.